ஆவணமும் காட்சியும்: ஏ. கே. செட்டியாரின் வரலாற்றுப் பணி

1. தோற்றுவாய்

திண்டுக்கல் நகரிலிருந்து மதுரை நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில், கிழக்கே சிறுமலை தொடர்ந்துவரத் தெற்கு நோக்கிச் செல்வோர், சின்னாளப்பட்டிக்கு அருகே காந்திகிராமத்தைக் காண்பர். 1947-இல் டாக்டர் சௌந்தரம் அம்மையாரும் ஜி. இராமச்சந்திரனும் தொடங்கிய சிற்றூர்ப் பணியே அங்கு ஒரு கல்விநகராய் வளர்ந்து, 1976-இல் பல்கலைக்கழக நிலையையும் எய்திற்று. ஒருவர் பெயர் சிலையிலும் தெருவிலும் நிற்பது உலகியல்பு. ஓர் ஊராகவே நின்று, அவ்வூரில் நூற்கும் நெய்யும் கற்கும் மக்களாகவே வாழ்வது அரிது. திண்டுக்கல் சமவெளியில் காந்தியடிகளின் பெயர் அவ்வாறு வாழ்கின்றது.

காந்திகிராமம் தோன்றுவதற்கு முன்னையாண்டில், 1946 பிப்ரவரியில், அடிகள் மதுரைக்கும் பழனிக்கும் வந்தார். ஒடுக்கப்பட்ட மக்களுக்குக் கதவடைத்த கோயிலினுள் தாமும் புகுவதில்லை என உறுதி பூண்டிருந்த அவர், அக்கதவுகள் திறந்த பின்னரே மதுரை மீனாட்சியம்மை கோயிலிலும் பழனி மலைக் கோயிலிலும் வழிபட்டார். இச்செய்தியை நூல்களில் படிக்கின்றோம். முதியோர் வாய்மொழியாகவும் கேட்டிருக்கின்றோம். எனினும், அந்நாளில் மலைப்படியருகே திரண்ட மக்கள் எவ்வாறு நின்றனர், அடிகள் எவ்வாறு நடந்தார், அவர் முகத்தில் தோன்றிய குறிப்பு யாது என்று வினவுவோமாயின், எழுத்து ஓர் எல்லையில் நின்றுவிடுகின்றது. அவ்வெல்லைக்கு அப்பாலும் சான்று தேடலாம், தேடவேண்டும் என்று முதன்முதல் எண்ணிச் செயலாற்றிய தமிழர் ஒருவர் உளர். அவர் ஏ. கே. செட்டியார்.

செட்டியாரைத் தமிழுலகம் பெரும்பாலும் பயண நூலாசிரியர் என்றே அறியும். இதழாசிரியர் என்று அறிவார் சிலர். காந்தியடிகளைப் பற்றிய ஆவணப்படத்தை ஆக்கியவர் என்பதைப் பலரும் ஒரு வியப்புச் செய்தியாகக் கூறிக் கடந்துவிடுவர். இம்மூன்றும் மூன்று தொழில்கள் அல்ல, ஒரே வரலாற்றுப் பணியின் மூன்று முகங்கள் என்று காட்டுவதே இக்கட்டுரையின் நோக்கம். அப்பணியின் ஒரு பகுதியை நாம் காவாது இழந்துவிட்டோம் என்பதும் ஈண்டு ஆராயப்பெறும்.

2. சான்றின் வகை

'டாக்குமெண்டரி' என்னும் சொல்லுக்கு இந்நாளில் ஆவணப்படம் என்னும் பெயர் நிலைபெற்றுள்ளது. ஆவணம் என்பது தமிழில் பழமையான சொல். சேக்கிழாரின் திருத்தொண்டர் புராணத்தில், திருவெண்ணெய்நல்லூர் அவையில் நிகழும் வழக்கு தமிழ் மாணவர் அனைவரும் அறிந்தது. தம் கூற்றை மெய்ப்பிக்க வந்த முதியவரிடம் அவையோர் மூவகைச் சான்றுகளுள் ஒன்றைக் கேட்கின்றனர். வழங்கிவரும் ஆட்சி ஒன்று. எழுதப்பெற்ற ஆவணம் ஒன்று. அயலார் கண்ட காட்சி ஒன்று. நம்பியாரூரர் முன்னரே கிழித்தெறிந்த ஓலை படியோலை என்றும், மூல ஓலை தம்பால் உளது என்றும் முதியவர் கூறுகின்றார். அவ்வோலையின் எழுத்து, காப்பிலிருந்த வேறோர் ஓலையின் எழுத்தோடு ஒப்பு நோக்கப்பெற்ற பின்னரே வழக்கு முடிகின்றது.

இவ்வழக்கில் வரலாற்று ஆராய்ச்சியின் நெறிகள் பலவும் அடங்கியிருத்தலைக் காணலாம். மூலம் வேறு, படி வேறு என்னும் உணர்வு. ஓர் ஆவணத்தைப் பிறிதோர் ஆவணத்தால் சோதிக்கும் முறை. சான்றைப் பேணிக் காக்கும் கடமை ஆகிய மூன்றும் அங்கு உள. திரைப்படச் சுருளோ இம்மூவகைச் சான்றுகளுள் இரண்டை ஒருங்கே கொண்டது. நிகழ்ச்சி நடந்த பொழுதே பதிவானமையின் அஃது ஆவணம். நேரில் நின்ற ஒருவர் தம் கருவி வழியே கண்டமையின் அஃது அயலார் காட்சியும் ஆகும். இவ்விரு தன்மையும் ஒரு பொருளில் அமைவது பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதிவரை உலகம் அறியாதது.

இந்தியாவில் இக்கருவி விரைவில் வேர்கொண்டது. 1901-இல் கேம்பிரிட்ஜில் கணிதப் பெருமை பெற்றுத் திரும்பிய பராஞ்சபேயின் வரவேற்பைப் பம்பாயில் பாட்வடேகர் படமாக்கினார். 1930-இல் தண்டி யாத்திரையைப் பம்பாய் நிறுவனங்கள் சில படம்பிடித்தன. ஆட்சியாளர் அப்படங்களைத் தடை செய்தனர். இவை தனித்தனி நிகழ்ச்சிகளைக் காட்டும் சிறு படங்கள். ஒருவர் வாழ்வு முழுவதையும், நாடுகள் பலவற்றில் சிதறிக்கிடந்த சுருள்களைத் தேடித் திரட்டி, கால அடைவில் வைத்து வரலாறாக்குதல் வேண்டும் என்னும் எண்ணம் வேறானது. அவ்வெண்ணமே செட்டியாருடையது.

3. பயிற்சிக் காலம்

அ. கருப்பன் செட்டியார் 1911 நவம்பர் 4-ஆம் நாள் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தார். திண்டுக்கல்லுக்குக் கிழக்கே, காரைக்குடியை அடுத்துள்ளது அவ்வூர். நகரத்தார் குடியினர் பர்மாவிலும் மலேயாவிலும் இலங்கையிலும் கொண்டுவிற்றல் நடத்திய காலம் அது. கடல் கடத்தல் அவர்க்குக் குடிவழக்கம். கணக்கைப் பிழையின்றி எழுதிக் காத்தல் தொழில்வழக்கம். இவ்விரண்டும் செட்டியாரிடம் வேறொரு பயன் கொண்டன. அவர் கடல் கடந்தார், எழுதியும் காத்தார். ஆனால் அவர் ஈட்டிய பொருள் வேறு.

இளமையிலேயே இரங்கூன் சென்ற அவர், அங்கு 'தனவணிகன்' இதழின் ஆசிரியராய் விளங்கினார். பின்னர் ஜப்பான் சென்று டோக்கியோவில் ஒளிப்படக் கலை பயின்றார். அமெரிக்கா சென்று நியூயார்க்கில் அக்கலையை மேலும் கற்றார். எழுத்துக் கற்று இதழ் நடத்திய ஒருவர் ஒளிப்படம் கற்கக் கடல் இரண்டைக் கடந்தார் என்பதை நாம் கருத்தில் இருத்துதல் வேண்டும். அவர் கலையார்வத்தால் மட்டும் சென்றவர் என்று தோன்றவில்லை. செய்தியைச் சொல்லும் வழிகளுள் எழுத்துக்கு இணையான ஒன்றைத் தேடியே சென்றார் என்பது பின் நிகழ்ந்தவற்றால் பெறப்படும்.

1937 அக்டோபர் 2-ஆம் நாள் அவர் நியூயார்க்கிலிருந்து டப்ளின் நோக்கி 'சமாரியா' என்னும் கப்பலில் சென்றுகொண்டிருந்தார். அந்நாள் காந்தியடிகளின் பிறந்த நாள். அடிகளின் வாழ்வைப் படமாக்குதல் வேண்டும் என்னும் கருத்து அன்று அக்கப்பலில் அவர்க்கு உதித்தது. அப்பொழுது அவர்க்கு இருபத்தாறு வயது நிறையவில்லை. கையில் பெரும்பொருள் இல்லை. பின்னாளில் பொருள் திரட்டிச் சென்னையில் 'டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட்' என்னும் நிறுவனத்தின் வழியே அப்பணியைத் தொடர்ந்தார்.

4. படம் உருவான முறை

செட்டியார் மேற்கொண்ட பணியின் அளவைச் சில எண்களால் உணரலாம். அவர் ஏறத்தாழ 1,00,000 மைல் பயணம் செய்தார். தென்னாப்பிரிக்கா, இங்கிலாந்து, ஐரோப்பிய நாடுகள், அமெரிக்கா எனப் பல இடங்களிலும் சுருள் தேடினார். முப்பதாண்டுக் காலத்தில் ஏறத்தாழ நூறு படப்பிடிப்பாளர் எடுத்த காட்சிகளிலிருந்து 50,000 அடிச் சுருளைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடியே படமாயிற்று.

இவ்வெண்களின் பொருளைச் சற்று விளக்குவோம். பேசும் படத்தின் சுருள் ஒரு நிமிடத்திற்கு 90 அடி ஓடும். ஆதலின் 50,000 அடி என்பது ஒன்பது மணி நேரத்திற்கு மேற்பட்ட காட்சி. 12,000 அடி என்பது இரண்டேகால் மணி நேரத்திற்குச் சற்றுக் குறைந்தது. நான்கு பங்கு திரட்டி ஏறத்தாழ ஒரு பங்கைக் கொண்டார், எஞ்சியதை விலக்கினார். பாடவேறுபாடுகளைத் திரட்டிப் பொருந்தியதைக் கொண்டு ஏனையவற்றை ஒதுக்கும் பதிப்பாசிரியரின் தொழிலும் இத்தகையதே.

தொழில்நுட்ப இடர்களும் சிலவல்ல. பேசாப்படக் காலத்துச் சுருள்கள் பெரும்பாலும் நொடிக்கு 16 முதல் 20 படங்கள் வரை கொண்டவை. பேசும்படப் பொறியோ நொடிக்கு 24 படங்களாக ஓட்டுவது. பழைய சுருளை அவ்வாறே ஓட்டின், நடப்போர் ஓடுவதுபோல் தோன்றுவர். துயரக் காட்சியும் நகைப்புக்கு இடமாகும். மூலச்சுருள் கிடையாதபொழுது திரையரங்கில் ஓடித் தேய்ந்த படியிலிருந்தே மறுபடி எடுக்கவேண்டும். படியிலிருந்து படி எடுக்குந்தோறும் தெளிவு குன்றும். ஏடு பெயர்த்து எழுதுவோர் கைமாறுந்தோறும் பிழை மிகுதலைப் போன்றது இது. இத்துறையில் செட்டியார்க்குத் துணைநின்றவருள் பாரிசில் பயின்ற டாக்டர் பி. வி. பதி குறிப்பிடத் தக்கவர்.

இவ்வாறு முடிவுற்ற 'மகாத்மா காந்தி' என்னும் படம் தமிழ் விளக்கவுரையுடன் 1940 ஆகஸ்டு 23-ஆம் நாள் சென்னை ராக்ஸி அரங்கில் வெளிவந்தது. பின்னர்த் தெலுங்கு விளக்கவுரையும் சேர்க்கப்பெற்றது. காந்தியடிகளைப் பற்றிய முதல் முழுநீள ஆவணப்படம் இதுவே என்பர். அது முதற்கண் பேசிய மொழி தமிழ் என்பது நாம் பெருமையோடும், பின்வரும் காரணத்தால் வருத்தத்தோடும் நினைவுகூரத் தக்கது.

காலநிலையையும் நோக்குதல் வேண்டும். 1939 செப்டம்பரில் போர் மூண்டது. இந்தியரைக் கேளாமலே இந்தியா போரில் ஈடுபடுத்தப்பட்டமையால் மாகாணக் காங்கிரசு அமைச்சரவைகள் பதவி துறந்தன. படம் வெளிவந்து எட்டு வாரம் நிறையுமுன், 1940 அக்டோபர் 17-ஆம் நாள், வினோபா தனிநபர் சத்தியாக்கிரகத்தைத் தொடங்கினார். ஆட்சியாளரின் ஐயம் மிகுந்திருந்த அந்நாளில் அடிகளின் வாழ்வைப் பொதுமக்கள் முன் திரையில் நிறுத்துதல் வணிகமும் அன்று, விளையாட்டும் அன்று. தமிழில் பேசும்படம் தோன்றி ஒன்பதாண்டே ஆகியிருந்தது என்பதையும், புராணக் கதைகளே அக்காலத் திரையில் மிகுந்திருந்தன என்பதையும் இதனோடு சேர்த்து எண்ணுக.

ஒரு முரணும் இங்கு உளது. காந்தியடிகள் திரைப்படத்தை விரும்பியவர் அல்லர். 1927-28-இல் இந்தியத் திரைப்படக் குழுவினர் கருத்துக் கேட்டபொழுது, தாம் படம் பார்த்ததே இல்லை என்றும், அதனால் விளையும் தீமையே தமக்குப் புலனாகின்றது என்றும் விடையிறுத்தார். அத்தகையோரின் வாழ்வைத் திரைச்சுருளிலேயே தேடித் திரட்டினார் செட்டியார். கருவியின் குணம் அதனைக் கையாள்வோர் கருத்தைப் பொறுத்தது என்பதற்கு இதனினும் சிறந்த விடை வேண்டுவதில்லை.

5. தொகுத்தலும் ஆக்கலும்

ஈண்டு ஓர் ஐயம் எழுதல் கூடும். படத்தின் காட்சிகளுட் பெரும்பாலன பிறர் எடுத்தவை. அங்ஙனமாயின் செட்டியாரை ஆவணப்பட ஆசிரியர் என்று கூறுதல் பொருந்துமா? ஒரே ஒரு பெரும்படம் தந்த ஒருவரைத் திரைப்பட வரலாற்றில் தனித்து எண்ணுதல் தகுமா?

முதல் வினாவுக்கு உலகத் திரைப்பட வரலாறே விடை தரும். 1927-இல் சோவியத்து நாட்டில் எஸ்பிர் சூப் என்னும் அம்மையார், முன்னரே பிறர் எடுத்திருந்த செய்திச் சுருள்களைத் தேடி எடுத்து, உரோமானவ் அரசகுலத்தின் வீழ்ச்சியைக் காட்டும் படம் ஒன்றை ஆக்கினார். தொகுப்புப் படம் என்னும் வகைக்கு அது முன்னோடி எனப் போற்றப்படுகின்றது. சூப் அம்மையார்க்கு அரசின் காப்பறைகள் துணையாயின. செட்டியார்க்கு அரசு துணையன்று. அவர் தேடிய சுருள்கள் கண்டங்கள் பலவற்றில் கிடந்தன. வகை ஒன்றே, வருத்தம் மிகுதி.

தமிழ் மரபிலும் விடை உளது. சீவக சிந்தாமணியை 1887-இல் அச்சேற்றிய உ. வே. சாமிநாதையர் அதனைப் பாடியவர் அல்லர். கலித்தொகையை அதே ஆண்டில் வெளியிட்ட சி. வை. தாமோதரம் பிள்ளையும் அதனை யாத்தவர் அல்லர். எனினும் அவ்விருவர் இன்றேல் அந்நூல்கள் நம் கைக்கு இவ்வாறு எட்டியிரா. ஊர் ஊராய்ச் சென்று, ஏடு வைத்திருந்தோர் இல்லங்களில் காத்திருந்து, செல்லரித்த ஓலைகளை ஒப்பு நோக்கி, பொருந்திய பாடத்தைக் கண்டு வெளியிட்ட அவர்தம் உழைப்பைப் படைப்பினும் தாழ்ந்தது என்று எவரும் கூறார். ஏட்டுக்குப் பதில் சுருள். மடத்துக்கும் புலவர் மனைக்கும் பதில் நிறுவனங்களும் தனியார் இல்லங்களும். செட்டியார் செய்தது காட்சி ஏடுகளின் பதிப்புப் பணி என்பது நம் துணிபு.

இரண்டாம் வினாவுக்கு, அவருடைய பிற பணிகளையும் ஒருங்கு நோக்கினாலன்றி விடை கூறல் இயலாது.

6. எழுத்தில் தொடர்ந்த பணி

போர்க்காலத்தில், 1943-இல், செட்டியார் 'குமரி மலர்' தொடங்கினார். காகிதக் கட்டுப்பாட்டால் புதிய இதழ்கள் தோன்றுதற்கு இடர் இருந்தமையின் அது முதலில் மாதந்தோறும் வெளிவரும் நூலாகவே வந்தது. இடையில் நின்றும் மீண்டும் தொடர்ந்தும், 1983-இல் அவர் மறையும் காலம்வரை அவ்விதழ் அவர் பெயரோடு இணைந்திருந்தது.

குமரி மலரின் பிற்கால இதழ்களைப் புரட்டுவோர்க்கு ஒன்று தெளிவாகும். ஆசிரியர் தம் கருத்தைக் குறைவாக எழுதுவார். பழையவற்றை மிகுதியாக வெளியிடுவார். மறைந்துபோன இதழ்களில் வந்த கட்டுரைகள், பாரதியாரின் நூல்வடிவு பெறாத எழுத்துகள், முன்னோர் எழுதிய பயணக் குறிப்புகள் முதலியன அங்கு மறுபிறவி எடுத்தன. கிடைத்ததைக் கிடைத்தவாறே, எங்கிருந்து எடுத்தது என்னும் குறிப்போடு வைத்தல் அவர் முறை. 1968-இல் அவர் தொகுத்த 'தமிழ்நாடு: பயணக் கட்டுரைகள்' இம்முறையின் சிறந்த பயன். ஒரு நாட்டின் வரலாற்றை ஒருவரே எழுதுவதற்குப் பதிலாக, அந்நாட்டை வெவ்வேறு காலத்தில் வெவ்வேறு நோக்கோடு கண்ட பலர் எழுதியவற்றை அருகருகே வைத்தார். படப்பிடிப்பாளர் நூற்றுவரின் கண்களை ஒரு படத்தில் சேர்த்தவரே, வழிநடந்தோர் பலரின் கண்களை ஒரு நூலில் சேர்த்தார்.

பயண நூல்களிலும் இவ்வியல்பே ஆட்சி செய்கின்றது. 'உலகம் சுற்றும் தமிழன்', 'மலேயா முதல் கனடா வரை', 'கரிபியன் கடலும் கயானாவும்', 'குடகு' முதலிய நூல்களில் அவர்தம் நடை எளியது, வாக்கியங்கள் குறுகியவை. கண்டதைக் கூறுவார், கண்ட தம்மை முன்னிறுத்தார். புறநாடுகளுக்குக் கூலிகளாய்ச் சென்ற தமிழரின் வழித்தோன்றல்களைத் தேடிச் சென்று அவர்தம் நிலையைப் பதிந்தார். படப்பிடிப்பாளர் திரையில் தோன்றார். அவர் நின்ற இடமும் கொண்ட நோக்குமே தோன்றும். செட்டியாரின் உரைநடை படப்பிடிப்பாளரின் உரைநடை எனின் பொருந்தும்.

ஆகவே, பன்முக வல்லமை என்று அவரைப் புகழும்பொழுது நாம் சிறிது எச்சரிக்கையாய் இருத்தல் வேண்டும். பல தொழில்களில் கைவைத்துத் திரிந்தவர் அல்லர் அவர். அழியும் சான்றைத் தேடுதல், திரட்டுதல், அடைவுபடுத்துதல், பொதுமக்கட்கு வழங்குதல் என்னும் நான்கையும் சுருளிலும் தாளிலும் ஒருங்கே செய்தார். ஒரு பெரும்படமே தந்தார் என்பது குறையன்று. அப்படத்தின் முறையை நாற்பதாண்டு வேறு கருவிகளால் தொடர்ந்தார் என்பதே உண்மை.

7. மூல ஓலை எங்கே?

இனி வருத்தத்திற்குரிய பகுதிக்கு வருகின்றோம். நாடு விடுதலை பெற்ற காலத்தையொட்டிப் படம் இந்தி விளக்கவுரையும் பெற்றது. 1953-இல் ஹாலிவுட்டில் ஆங்கில வடிவம் உருவாயிற்று. இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி என அடிகளைக் குறிக்கும் தலைப்போடு அமெரிக்காவில் அது திரையிடப்பெற்றது. அதன்பின் படம் மெல்லப் பொதுநினைவிலிருந்து நீங்கியது. 1968-இல் விட்டல்பாய் ஜவேரி ஐந்து மணி நேரத்திற்கு மேற்பட்ட ஆவணப்படம் ஒன்றை ஆக்கினார். 1982-இல் ஆட்டன்பரோவின் கதைப்படம் உலகெங்கும் ஓடிற்று. 1940-இன் தமிழ்ப் படத்தை அப்பொழுது நினைத்தோர் சிலரே. அடுத்த ஆண்டில் செட்டியாரும் மறைந்தார்.

படம் உருவான வரலாற்றைச் செட்டியார் தாமே குமரி மலரில் எழுதியிருந்தார். அக்கட்டுரைகளை ஆ. இரா. வேங்கடாசலபதி தொகுத்து 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாக 2003-இல் பதிப்பித்தார். அவர்தம் தேடலாலேயே அமெரிக்காவில் காக்கப்பெற்றிருந்த ஆங்கில வடிவமும் ஆய்வாளர் கவனத்திற்கு வந்தது. தமிழ் விளக்கவுரையோடு கூடிய மூலப் படமோ கிடைத்திலது.

திருவெண்ணெய்நல்லூர் வழக்கை மீண்டும் நினைவுகூர்வோம். அங்குக் கிழிந்தது படியோலை. நின்றது மூல ஓலை. இங்கு நிலைமை தலைகீழாயிற்று. பிறமொழிப் படி கடல்கடந்த நாட்டில் நிற்கின்றது. தமிழ் மூலம் தமிழ்நாட்டில் அழிந்தது. இதனை யாரேனும் கிழித்தெறிந்திலர். எவரும் பேணவில்லை, அவ்வளவே.

சுருளின் இயல்பும் இவ்வழிவுக்குத் துணைநின்றது. 1950 வரை 35 மில்லிமீட்டர் சுருள்கள் பெரும்பாலும் நைட்ரேட்டு அடித்தளம் கொண்டவை. அவை எளிதில் தீப்பற்றும். வெப்பத்தாலும் ஈரத்தாலும் நாளடைவில் பிசுபிசுத்துப் பொடியாகும். பனையோலை நன்கு பேணப்பெறின் சில நூற்றாண்டு நிற்கும். அச்சுருள் நம் நாட்டு வெப்பத்தில் ஒரு தலைமுறை நிற்றலே அரிது. நடுவண் அரசின் தேசியத் திரைப்படக் காப்பகம் பூனாவில் தோன்றியது 1964-இல்தான். படம் வெளிவந்த ஆண்டுக்கும் அதற்கும் இடையே இருபத்துநான்கு ஆண்டுகள். அவ்விடைவெளியில் அழிந்த தமிழ்ப் படங்கள் இஃது ஒன்று மட்டுமன்று.

ஆயினும் பழியைச் சுருளின்மேல் மட்டும் சுமத்துதல் நேர்மையாகாது. தமிழ் ஆராய்ச்சித் துறைகள் கல்வெட்டைச் சான்று என்று கொண்டன. செப்பேட்டையும் நாணயத்தையும் ஓலையையும் கொண்டன. திரைச்சுருளைக் களியாட்டுப் பொருள் என்று ஒதுக்கின. தன் காலத்தில் ஆவணம் என்று மதிக்கப்பெறாத பொருள் அடுத்த காலத்திற்கு ஆவணமாய் எட்டுவதில்லை. ஏடுகளை ஆற்றிலிட்ட முன்னோரைக் குறைகூறும் நாம், சுருள்கள் குப்பையிற் சேர்ந்த காலத்தில் வாளாவிருந்தோம்.

8. முடிபு

மீண்டும் திண்டுக்கல் சமவெளிக்கு வருவோம். 1940-இல் முடிந்த படத்தில் 1946-இன் பழனிக் காட்சி இடம்பெற்றிருத்தல் இயலாது. எத்துணைப் பெரிய தொகுப்புக்கும் ஓர் எல்லை உண்டு. அவ்வெல்லைக்கு அப்பால் உள்ளதைத் தேடுதல் பின்வருவோர் கடன். படக்கருவி பெருநகரங்களில் மிகுதியாகவும் சிற்றூர்களில் அரிதாகவும் இயங்கிய காலம் அது. ஆதலின் சிற்றூர்ப் பகுதிகளின் வரலாற்றுக்குச் சுருளோடு வேறு சான்றுகளையும் சேர்த்தே தேடவேண்டும்.

திண்டுக்கல்லிலும் பழனியிலும் உள்ள பழைய ஒளிப்பட நிலையங்களின் கண்ணாடித் தகடுகள், சின்னாளப்பட்டி நெசவாளர் இல்லங்களில் உள்ள குழுப் படங்கள், ஆத்தூர், நிலக்கோட்டைப் பகுதிகளில் நிர்மாணப் பணி செய்த தொண்டர்களின் நாட்குறிப்புகள், கொட்டகைகளில் வழங்கிய துண்டு அறிவிப்புகள் ஆகியவற்றுள் எஞ்சியவை எவை என்று கணக்கெடுத்தல் முதுகலை மாணவர்க்கு ஏற்ற பணி. அதற்குப் பெரும்பொருள் வேண்டா. வீடு வீடாய்ச் செல்லும் பொறுமை வேண்டும். கிடைத்ததைக் கிடைத்தவாறே பதியும் நேர்மை வேண்டும். எங்கிருந்து பெற்றது என்று குறிக்கும் ஒழுங்கு வேண்டும். மூன்றுக்கும் செட்டியாரின் வாழ்வே பாடநூல்.

அவர் ஆட்சியிலிருந்தும் உதவி பெறவில்லை. பல்கலைக்கழகத்திலிருந்தும் பட்டம் பெற்று இப்பணியைத் தொடங்கவில்லை. கப்பல் தளத்தில் உதித்த ஓர் எண்ணத்தைச் சுமந்து நிலவுலகைப் பலமுறை சுற்றினார். அவர் திரட்டியதன் தமிழ் வடிவத்தை நாம் காத்திலோம். தமிழ்நாட்டின் எந்த ஊரிலேனும், பழைய கொட்டகையொன்றின் பரணில், துருவேறிய தகரப் பெட்டிக்குள் அப்படத்தின் சில சுருள்களேனும் எஞ்சியிருத்தல் கூடும். அதனைத் தேடிச் செல்லுமுன் அது தேடத் தக்கது என்று உணர்தல் வேண்டும். அவ்வுணர்வை இக்கட்டுரை ஒரு மாணவர்க்கேனும் தருமாயின் நம் முயற்சி பயனுடையதாம்.